மெதுவாகச் செல்லவும்

அந்தத் தெருவில் அண்ணனுக்குக் கைக்காரர் என்று பெயர், தம்பிக்குக் காதுக்காரர். அண்ணன் கண்ணை மூடிக்கொண்டு இன்ஜினுக்குள் கையை விட்டால், எங்கோ கழன்று விழுந்த நட்டு தானாகவே உருண்டு வந்து விரலில் மாட்டிக்கொள்ளும் என்பார்கள். தம்பி அதற்கும் ஒரு படி மேலே. மூன்று தெரு தள்ளி ஒரு கார் திரும்பும்போதே, "பின்னாடி வலது பக்கம் பிரேக் கட்டை தேஞ்சிருக்கு" என்று டீயை உறிஞ்சியபடியே சொல்லிவிடுவார். ஒருமுறை போனில் காரைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்த ஒருவரிடம், "கார் கெடக்கட்டும், உங்க வீட்டு ஃபிரிட்ஜை முதல்ல பாருங்க, அது இந்த வாரம் தாங்காது" என்றாராம். ஃபிரிட்ஜ் வியாழக்கிழமை உயிரை விட்டது. நம்பாதவர்கள் தெருவில் யாரைக் கேட்டாலும் அடித்துச் சத்தியம் செய்வார்கள்.

கையும் காதும் சேர்ந்து இருபத்திரண்டு வருடம் ஒரே ஒர்க்‌ஷாப்பில் வேலை செய்தன. அப்புறம் ஒன்பது வருடம் ஒரு வார்த்தை பேசிக்கொள்ளவில்லை.

காரணத்தைக் கேட்டால் சிரிப்பு வரும். வீடு, நிலம், சொத்து என்று கௌரவமான காரணம் எதுவும் கிடையாது. ஒரு டயர். கைக்காரர் பழைய பச்சைக் கார் ஒன்று வாங்கினார். நாலு சக்கரமும் சேர்ந்து இழுக்கிற வகை. சேற்றில் இறக்கினால் ஏறி வரும், குறுக்கே சுவர் வந்தால் சுவர்மேலும் ஏறும் என்று பெருமை அடித்தார். முன் டயர் ஒன்று தேய்ந்தபோது புதிதாக ஒன்றே ஒன்று வாங்கி, டிரைவருக்குப் பக்கத்து சீட்டின் பக்கமாக மாட்டினார். அது அவர் மனைவி உட்காரும் இடம். அவருக்கு டயர் வெடித்துவிடுமோ என்று எப்போதும் ஒரு பயம். பலூன்காரரைப் பார்த்தாலே எதிர்ப்பக்கம் போய்விடுகிறவர்.

"அண்ணே, இந்த வண்டிக்கு நாலு டயரும் ஒரே அளவா இருக்கணும்" என்றார் காதுக்காரர். "ஒண்ணு மட்டும் உயரமா இருந்தா நாலும் ஒரே மாதிரி சுத்தாது. அந்த முறுக்கு முழுக்க நடு ஷாஃப்ட்டுல வந்து விழும். சென்டர் பேரிங் அரைச்சுப் போயிடும்."

"தெரியும்டா. நாலு வாங்க இப்ப முடியாது. அவ பயப்படுறா."

"அப்ப பழசுல ஒண்ணு, அளவு பார்த்துப் போடு."

"பழசு மேல அவளை உட்கார வைக்க மாட்டேன்."

அதோடு விட்டிருக்கலாம். வாசலில் வாடிக்கையாளர்கள் நாலைந்து பேர் நின்றிருந்தார்கள். காதுக்காரருக்கு நாக்கு நீண்டுவிட்டது. "ஊரே கைக்காரர் கைக்காரர்னு சொல்லுது. இது பொண்டாட்டி சொன்னா ஆடுற கை!"

கைக்காரர் கையைத் துணியில் துடைத்தார். ஒவ்வொரு விரலாக, நிதானமாகத் துடைத்தார். டூல் பெட்டியை எடுத்துக்கொண்டு அந்தப் பச்சைக் காரிலேயே வீட்டுக்குப் போனார். அவ்வளவுதான்.

"பஞ்சர் ஒட்டுற நேரத்துல ஒட்டியிருக்கலாம் உங்க ரெண்டு பேரையும்" என்று காதுக்காரரின் மனைவி வருடத்துக்கு நாற்பது தடவை சொன்னாள். யாரும் பசையை எடுக்கவில்லை.

நாலு மாதத்துக்கு முன்னால் கைக்காரர் செத்துப்போனார். நெஞ்சில் நீர் கோத்து, மூச்சு முட்டி, கடைசி இரண்டு வருடம் வீட்டோடு கிடந்தவர். காதுக்காரர் போனார். விலாசம் தேடி வந்த ஆள் மாதிரி கேட்டுக்குப் பக்கத்தில் நின்றார். எல்லாரும் கலைந்த பிறகு அவரும் கலைந்தார். அன்றிலிருந்து ஒரு கேள்வி அவர் தொண்டையில் முள்ளாய்க் குத்திக்கொண்டிருந்தது. அண்ணன் போவதற்கு முன்னால் தன்னைப் பற்றி ஏதாவது சொன்னாரா? திட்டியிருந்தாலும் பரவாயில்லை. அதைக் கேட்க உலகத்தில் ஒரே ஒரு ஆள்தான் உண்டு. அந்த ஒரு ஆளிடம் கேட்கத்தான் அவருக்கு வாய் வரவில்லை.

அந்த ஆள் ஒரு காலையில் தானாகவே வந்தார்.

மழை விட்டுவிட்டுத் தூறிக்கொண்டிருந்தது. முதலில் சத்தம் வந்தது. உம்ம்ம் என்று தொடங்கி, நடுவில் கரகரவென்று கல் அரைத்து, முடிவில் மாடு கத்துகிற மாதிரி ஓர் ஊளை. கல்லறையில் இருப்பவர்கள்கூடப் புரண்டு படுத்திருப்பார்கள். காதுக்காரர் வண்டிக்கு அடியில் நின்று வேலை பார்க்கும் பள்ளத்துக்குள்ளிருந்து தலையை நீட்டினார்.

"இதை எங்கயோ கேட்ட மாதிரி இருக்கே" என்றார்.

"உங்களுக்கு எந்தச் சத்தம்தான் கேட்காத சத்தம்?" என்றாள் மனைவி, பின்பக்க வீட்டிலிருந்து.

பச்சைக் கார் கேட்டுக்கு வெளியே நின்றது. உடனே உள்ளே வரவில்லை. டிரைவர் சீட்டில் அண்ணி இருந்தார். கேட்டில் தொங்கிய போர்டையே பார்த்துக்கொண்டிருந்தார். சிவப்புப் பெயிண்டில் 'மெதுவாகச் செல்லவும்' என்று எழுதிய போர்டு. நன்றாகப் பார்த்துவிட்டு, முதல் கியரில் அங்குலம் அங்குலமாக உள்ளே கொண்டுவந்து நிறுத்தினார்.

"அண்ணி… நீங்க ஓட்டுறீங்களா?"

"ஓட்டுறேன். அவருக்கு முடியாமப் போனப்புறம் கத்துக்கிட்டேன்." அவர் குரலில் ஈரம் இல்லை. வேற்று ஆளிடம் பேசும் குரல். "நாளைக்குக் காலைல பொண்ணு ஊருக்குப் போறேன் தம்பி. அங்கயே இருக்கப் போறேன். நடுவுல மலை ஏறி இறங்கணும். மூணு கடைல காட்டிட்டேன். ஒவ்வொருத்தரும் ஒரு சக்கரத்துல பேரிங் மாத்தினாங்க. சத்தம் அப்படியேதான் இருக்கு. இது போய்ச் சேருமா சேராதா, அதை மட்டும் சொல்லுங்க."

"சக்கரம் இல்ல அண்ணி. உட்காருங்க, ஒரு சுத்துப் போயிட்டு வரலாம். நீங்களே ஓட்டுங்க. நான் பின்னாடி படுத்துக்கறேன்."

பின்சீட்டை மடக்கி, அறுபத்தோரு வயது மனிதர் காரின் தரையில் காதை வைத்துக் குப்புறப் படுத்தார். ஊருக்கு வெளியே போகிற ரோட்டில் அண்ணி ஓட்டினார்.

"இடது பக்கம் லேசா வளைங்க… இப்ப வலது… நேரா. நியூட்ரல் போடுங்க. அப்படியே உருளட்டும்."

"அணைஞ்சுடாதே?"

"அணையாது. பிரேக்கை மட்டும் தொடாதீங்க."

சக்கரத்து பேரிங்காக இருந்தால் வளையும்போது ஊளை கூடும், இல்லை குறையும். இது அசையவில்லை. இன்ஜினாக இருந்தால் நியூட்ரலில் விட்டதும் அடங்கும். இது அடங்கவில்லை. வண்டி எவ்வளவு வேகம் உருளுகிறதோ அவ்வளவு பாடியது. தரையின் நடுவில், கை பிரேக்குக்குச் சற்றுப் பின்னால், காதுக்காரரின் கன்னம் அதிர்ந்தது.

ஒர்க்‌ஷாப்புக்கு வந்து லிஃப்டில் ஏற்றினார். இந்த வகைக் காரில் நாலு சக்கரமும் ஒன்றாகத் தரையை விட்டு எழ வேண்டும். இரண்டை மட்டும் தூக்கிவிட்டு கியர் போட்டால், மிச்ச இரண்டு வண்டியை இழுத்துக்கொண்டு சுவரை உடைத்து வீட்டுக்குள் போய் டிவி பார்க்கும். காரை மேலேயே ஓடவிட்டு, நீள ஸ்க்ரூடிரைவரின் முனையை ஒவ்வோர் இடமாக வைத்து, கைப்பிடியைக் காதில் அழுத்திக்கொண்டார். கியர் பெட்டியில் மெல்லிய முனகல், அது வயசானதால் வருவது. பின் அச்சில் ஒன்றுமில்லை. நடு ஷாஃப்ட்டைத் தாங்கும் இடத்தில் வைத்ததும் தகர டப்பாவில் கூழாங்கல்லைப் போட்டுக் குலுக்கியது போல் கேட்டது.

"சென்டர் பேரிங். சுத்தமாப் போயிடுச்சு. சுத்தி இருக்கிற ரப்பரும் கிழிஞ்சிருக்கு. இதோட மலை ஏறியிருந்தா ஷாஃப்ட்டு அடிச்சுத் தரையைக் கிழிச்சிருக்கும்."

அண்ணி அந்த ஷாஃப்ட்டை அண்ணாந்து பார்த்தார்.

மழை வலுத்தது. தகரக் கூரையில் ஆயிரம் பேர் ஆணி அடித்தார்கள். காதுக்காரரின் மனைவி டீயும் ரொட்டியும் முட்டைப் பொரியலும் கொண்டுவந்து, பழைய இன்ஜின் ஒன்றின்மேல் பலகை போட்டு வைத்தாள். "சாப்பிடுங்கக்கா. இந்த மனுஷன் வேலைல இறங்கிட்டா யாருக்கும் பசிக்காதுன்னு நினைச்சுப்பார்."

அண்ணி டீயை மட்டும் எடுத்தார். அவர் பார்வை கேட்டுப் பக்கம் போனது. "அந்த போர்டு யார் எழுதினது தம்பி?"

காதுக்காரருக்கு முகம் மலர்ந்தது. காலையிலிருந்து அண்ணி அவரிடம் வண்டியை விட்டு வேறு எதையும் கேட்கவில்லை. "நான்தான். கதையைக் கேளுங்க. போன மழை சீசன்ல ஒரு பைத்தியக்காரன். தினம் நாலு மணின்னா நாலு மணி, கடிகாரத்தையே சரி பண்ணிக்கலாம். நம்ம வாசல்லதான் ராக்கெட் விடுவான். உம்ம்ம்னு ஒரு ஊளை! நான் பள்ளத்துக்குள்ள இருப்பேன். ஏறி வர்றதுக்குள்ள தெரு முனை திரும்பிடுவான். எவனோ ஒரு கஞ்சன், ஒரு பேரிங் மாத்தத் துப்பில்லாமச் சுத்தறான்னு இவகிட்டச் சொன்னேன். சொன்னேனா இல்லையா?"

"தினம் சொன்னார்" என்றாள் மனைவி. "நாலு மணிக்கு அவனுக்கு அர்ச்சனை."

"ஒரு மாசம் பொறுத்தேன். ஸ்கூல் விடுற நேரம், குழந்தைங்க வர்ற தெரு. பெயிண்ட்டை எடுத்தேன், எழுதினேன், மாட்டினேன். அவ்வளவுதான். மறுநாளே ஆள் அவுட்! இன்னிய வரைக்கும் திரும்பிப் பார்க்கலையே!" தொடையைத் தட்டிச் சிரித்தார்.

அண்ணி சிரிக்கவில்லை. கையிலிருந்த டம்ளர் பலகைக்கு வர ரொம்ப நேரம் எடுத்துக்கொண்டது. வைத்தபோது டீ தளும்பி விரலில் ஊற்றியது. அதையும் துடைக்கவில்லை. காதுக்காரரை, காலையிலிருந்து முதல் தடவையாக, முகத்தைப் பார்த்தார். எதையோ அளந்து சரிபார்ப்பது போல் பார்த்தார்.

"சுட்டுடுச்சா அக்கா?"

"இல்லம்மா" என்றார். குரலில் காலையில் இருந்த விறைப்பு காணாமல் போயிருந்தது. அது எங்கே போனது என்று காதுக்காரருக்குப் புரியவில்லை. சூடான டீயால் இருக்கும் என்று நினைத்துக்கொண்டார்.

ஷாஃப்ட்டைக் கழற்ற ஆரம்பித்தார். பின்பக்கம் நாலு போல்ட், முன்பக்கம் நாலு, நடுவில் தாங்கிக்கு இரண்டு. துரு பிடித்த போல்ட்டாக இருக்கும், கெஞ்ச வேண்டும், திட்ட வேண்டும் என்று எண்ணெய்க் குப்பியோடு தயாராகப் போனார். போல்ட்டுகள் வெண்ணெயாகக் கழன்றன. யாரோ அடிக்கடி கழற்றி மாட்டிய போல்ட்டுகள்.

டார்ச்சை அடித்தார். பின் முனையின் விளிம்பில், ஷாஃப்ட்டும் அச்சும் சேரும் இடத்தில், வெள்ளைப் பெயிண்டில் ஒரு சின்னக் கோடு. அதற்குப் பக்கத்தில் இன்னொன்று. இன்னொன்று. இன்னொன்று.

அந்த ஒர்க்‌ஷாப்பில் மட்டும் ஒரு வழக்கம் இருந்தது. உலகத்தில் வேறெங்கும் கிடையாது. வேலை செய்து முடுக்கியவர் ஒரு கோடு போடுவார். மற்றவர் வந்து ஒவ்வொரு போல்ட்டையும் ஸ்பேனர் வைத்துப் பார்த்துவிட்டு, கோட்டுக்குப் பக்கத்தில் ஒரு பொட்டு வைப்பார். அண்ணனுக்கு வெள்ளை, தம்பிக்கு மஞ்சள். கோடும் பொட்டும் சேராமல் ஒரு வண்டியும் கேட்டைத் தாண்டியதில்லை. தன் வேலைக்குத் தானே பொட்டு வைப்பது இரண்டு பேருக்கும் பாவச்செயல்.

நாலு வெள்ளைக் கோடுகள். ஒன்றின் பக்கத்திலும் பொட்டு இல்லை. பொட்டுக்கு உண்டான இடம் மட்டும் ஒவ்வொரு கோட்டுக்குப் பக்கத்திலும் அளவாக விடப்பட்டிருந்தது.

முதல் கோடு ஸ்கேல் வைத்த மாதிரி நேராக இருந்தது. நாலாவது நடுங்கியிருந்தது.

"அண்ணி" என்றார். "அண்ணன் இந்த வண்டிக்கு அடியில படுத்து வேலை பார்த்தாரா?"

"ரெண்டு வருஷத்துக்கு ஒரு தடவை படுப்பார். வீட்டு வாசல்ல ஜாக்கி போட்டு, கட்டை வெச்சு, காலைல போனார்னா சாயங்காலம்தான் வெளிய வருவார். என்ன பண்றீங்கன்னா ஆயில் மாத்தறேன்பார். ஆயில் மாத்த ஒரு நாளான்னு கேட்டா, பழைய ஆயில் வெளிய வர மாட்டேன்னு அடம்பிடிக்குதும்பார்." கொஞ்சம் சிரித்தார். "கடைசித் தடவை பாதியில மூச்சு வாங்கி, அடியிலயே ஒரு மணி நேரம் கிடந்தார். காலைப் பிடிச்சு இழுக்கட்டுமான்னேன். 'இழுத்தா இன்னும் நாலு போல்ட்டு பாக்கி இருக்கு'ன்னார்."

காதுக்காரர் ஷாஃப்ட்டைத் தோளில் சாய்த்துக்கொண்டு நின்றார். நாலு தடவை. தம்பி சொன்னது சரிதான் என்று முதல் பேரிங் போனபோதே அண்ணனுக்குத் தெரிந்திருக்கும். தெரிந்தும் டயரை மாற்றவில்லை, பேரிங்கை மாற்றினார். மறுபடி போயிருக்கிறது, மறுபடி மாற்றியிருக்கிறார். ஒன்பது வருடம் மனதுக்குள் அந்த வழக்கை நடத்தி ஒவ்வொரு நாளும் ஜெயித்துக்கொண்டிருந்தவர் காதுக்காரர். இப்போது சாட்சியத்தோடு ஜெயித்துவிட்டார். அந்தச் சாட்சியம் கையில் கனத்துக்கொண்டிருந்தது.

அலமாரியிலிருந்து மஞ்சள் பெயிண்ட்டை எடுத்து வந்தார். மூடியைத் திறந்தார். கழற்றிப் போட்ட வேலையை எப்படிச் சரிபார்ப்பது? போல்ட்டெல்லாம் தட்டில் கிடந்தன. மூடியை மூடினார்.

அதற்கப்புறம் மனைவியின் தையல் டேப் திருடுபோனது.

"என்னங்க, என் டேப்பை எடுத்தீங்களா? அதுல கிரீஸ் பட்டா நாளைக்கு யாருக்காவது இடுப்பு அளவு எடுக்கறப்ப…"

"டயருக்கு இடுப்பு அளவு எடுக்கறேன். சும்மா இரு."

சுற்றளவு எடுத்தார். மூன்று டயர் ஒரே அளவு. முன்பக்கம், டிரைவருக்குப் பக்கத்து சீட்டின் பக்கம் இருந்தது மட்டும் ஒரு விரல்கடை கூடுதல். ஒன்பது வருடத்தில் அந்த மூலைக்கு எத்தனை புது டயர் வந்து போனதோ! சீட்டுக்குள் பார்த்தார். யாரும் இல்லாத சீட். அண்ணி இப்போது டிரைவர் பக்கம் உட்காருகிறார். ஊரிலேயே பத்திரமான இடம் காலியாகக் கிடந்தது.

"அண்ணி, இந்த ஒரு டயரை மாத்தியே ஆகணும். இல்லாட்டி எத்தனை பேரிங் போட்டாலும் தின்னுடும்."

அண்ணி அந்தச் சக்கரத்துக்குப் பக்கத்தில் வந்து, அதன்மேல் கையை வைத்தார். "இது அவர் போட்டது."

"தெரியும்."

"நான் ஒரே ஒரு தடவைதான் பயமா இருக்குன்னேன் தம்பி. முதல் தடவை ஏறினப்ப. அப்புறம் எனக்குப் பயமே இல்ல. அவருக்குத்தான் இருந்தது."

"தூக்கிப் போட வேணாம். ஸ்டெப்னியா வெச்சுக்கங்க. டிக்கியில இருக்கட்டும்."

ஒர்க்‌ஷாப்புக்குப் பின்னாலிருந்த பழைய டயர்க் குவியலில் ஏறி இறங்கி, முப்பத்தேழு டயருக்கு இடுப்பு அளவு எடுத்து, மற்ற மூன்றோடும் மயிரிழை பிசகாத ஒரு பழைய டயரைக் கண்டுபிடித்தார். கழற்றிய அந்த நல்ல டயரை ஸ்டெப்னி குழியில் வைக்க டிக்கியைத் திறந்தபோது, பழைய ஸ்டெப்னிக்கு அடியில் துணி சுற்றிய ஓர் அட்டைப் பெட்டி இருந்தது. உள்ளே புத்தம்புது சென்டர் பேரிங், ரப்பரோடு. பெட்டிமேல் பென்சிலில் அண்ணன் எழுத்து: '88,000-ல் மாற்று.'

மீட்டரைப் போய்ப் பார்த்தார். தொண்ணூற்று மூவாயிரம்.

"எல்லாம் வாங்கி வெச்சிருக்காரே! ஏன் மாத்தல? அவரால முடியலன்னா வேற யாரையாவது விட்டு மாத்தியிருக்கலாமே?"

"அவர் வேணாம்னுட்டார்."

"ஏன்?"

"முதல்ல வேலையை முடிங்க தம்பி. அப்புறம் பேசலாம்."

புல்லரை மாட்டிப் பழைய பேரிங்கை இழுத்தார். அது ஷாஃப்ட்டை விட்டு வரும்போது ஒரு கீச்சுச் சத்தம் போட்டது. விரலில் சுற்றிப் பார்த்தார், உள்ளே குண்டுகள் ஒவ்வொன்றும் ஒவ்வொரு திசையில் உருண்டன. புதியதை பிரஸ்ஸில் வைத்து, நேராக இருக்கிறதா என்று நாலு பக்கமும் பார்த்து, மெதுவாக இறக்கினார். அண்ணனுக்கு வீட்டில் பிரஸ் இல்லை. இரும்புக் குழாயும் சுத்தியலும் வைத்து அடித்திருப்பார். அந்த மூச்சோடு, அந்தக் கையோடு.

ஷாஃப்ட்டை ஏற்றி, போல்ட்டுகளை முடுக்கி, விளிம்பைத் துடைத்தார். நாலு வெள்ளைக் கோட்டுக்குப் பக்கத்தில் மஞ்சளில் ஒரு கோடு போட்டார். பிறகு பொட்டுக்கு ஆள் தேடினார்.

"அண்ணி, இங்க வர்றீங்களா? இந்த ஸ்பேனரைப் பிடிங்க. இது சரியான இறுக்கத்துக்கு வந்தா டக்குனு ஒரு சத்தம் வரும். ஒவ்வொண்ணா இழுத்துப் பாருங்க."

புடவைத் தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டு அண்ணி காருக்கு அடியில் வந்து நின்றார். டக். அடுத்தது, டக். பத்து போல்ட்டையும் இரண்டு கையாலும் பிடித்து, பல்லைக் கடித்துக்கொண்டு இழுத்தார். காதுக்காரர் வெள்ளைப் பெயிண்ட்டை நீட்டினார். அவர் சுண்டுவிரலால் தொட்டு, மஞ்சள் கோட்டுக்குப் பக்கத்தில் பொட்டு வைத்தார். அப்போதுதான் மற்ற கோடுகளைப் பார்த்தார். அந்த வழக்கம் அவருக்குத் தெரியும். இருபத்திரண்டு வருடம் அவர் சமைத்த சாப்பாடு போன ஒர்க்‌ஷாப் அது. எண்ணினார். விரலைத் துணியில் துடைத்தார்.

மழை விட்டிருந்தது. மணி நாலரை. சோதனைக்கு அண்ணி ஓட்ட, காதுக்காரர் இந்த முறை முன்சீட்டில் உட்கார்ந்தார். எந்தச் சீட்டுக்காக அண்ணனைக் கேலி செய்தாரோ அதே சீட்டு.

கார் ஓடியது. அறுபது. எழுபது. ஒன்றுமே கேட்கவில்லை. இத்தனை நாள் ஊளைக்குள் ஒளிந்திருந்ததெல்லாம் வெளியே வந்தது. ஈர ரோட்டில் டயர்கள் உரசுவது, டிக்கியில் நல்ல டயர் அசைவது, இரண்டு பேரும் மூச்சு விடுவது. பேசாமல் இருக்க இனி ஒரு சாக்கும் இல்லை.

"அண்ணி" என்றார். "அண்ணன் கடைசியில… என்னைப் பத்தி ஏதாவது சொன்னாரா?"

அண்ணி காரை ஓரமாக நிறுத்தினார். இன்ஜினை அணைத்தார். ஸ்டியரிங்கில் இருந்து கையை எடுக்கவில்லை.

"பேரிங் ஊளையிட ஆரம்பிச்சதும் யாரையும் தொட விடல. 'இருக்கட்டும். இது என் தம்பிக்கு'ன்னார். 'இந்தச் சத்தம் அவன் காதுல விழுந்தா ஒரு நாள் தாங்க மாட்டான். ஓடி வந்து காரை மறிச்சுடுவான்'னார். நான் போய்க் கூப்பிடட்டுமான்னேன். கூடாதுன்னுட்டார். 'நீ கூப்பிட்டு வந்தா உனக்காக வந்ததாயிடும். சத்தத்துக்கு வரட்டும். அதை மட்டும் அவனால தடுத்துக்க முடியாது'ன்னார்."

காதுக்காரரின் கை, கதவுக்கு மேலே இருந்த பிடியைத் தேடிப் பிடித்தது.

"தினம் மூணரைக்கே சட்டை மாத்திட்டு உட்கார்ந்திருப்பார். நானும் பக்கத்து வீட்டுப் பையனுமாத் தூக்கி வெப்போம். நீங்க இருக்கிற இந்தச் சீட்டுலதான். எனக்கு லைசென்ஸ் வந்து ரெண்டு மாசம்கூட ஆகல. உங்க கேட்டு வந்ததும், 'மெதுவாப் போனா கேட்காது, அறுபதுக்கு மிதி, மிதி'ன்னு கத்துவார். நான் கண்ணை மூடிக்கிட்டு மிதிப்பேன். முனை திரும்பினதும் கழுத்தை வளைச்சு வளைச்சுப் பின்னாடி பார்ப்பார். 'இன்னைக்குக் கஸ்டமர் ஜாஸ்தி போல'ம்பார். 'இன்னைக்கு மழை, கேட்டிருக்காது'ம்பார். இருபத்தாறு நாள் தம்பி."

"அண்ணி, போதும்."

"கேட்டீங்க இல்ல, கேளுங்க. இருபத்தேழாவது நாள் கேட்டுல போர்டு. நிறுத்தச் சொன்னார். உங்க எழுத்துன்னு பார்த்ததும் தெரிஞ்சுக்கிட்டார். ரொம்ப நேரம் படிச்சார், ரெண்டே வார்த்தைதான். 'பதில் எழுதிட்டான். வண்டியத் திருப்பு'ன்னார். வழியில பேசல. வீட்டு வாசல்ல இறக்கும்போது, 'எழுத்து முன்னைவிட நல்லாயிருக்கு'ன்னார். பதினோரு நாள் கழிச்சுப் போயிட்டார்."

எதிரே ஒரு லாரி தண்ணீரை வாரி அடித்துவிட்டுப் போனது. கண்ணாடி முழுவதும் சேறானது. அண்ணி வைப்பர் போடவில்லை.

"எனக்குத் தெரியாது அண்ணி. அது நீங்கன்னு எனக்கு…"

"காலைல டீ குடிக்கறப்பவே தெரிஞ்சுக்கிட்டேன். நாலு மாசமா மனசுல உங்களை வெச்சுத் திட்டினதெல்லாம் அந்த இடத்துலயே விழுந்துடுச்சு. சொல்லாமலே போயிடலாமான்னுகூட நினைச்சேன். ஆனா அந்த அஞ்சாவது பேரிங்கை உங்க கையில பார்த்தப்புறம் முடியல. எனக்குப் புரிஞ்சுடுச்சு தம்பி. அவருக்கு யார் போய்ச் சொல்றது?" என்றார்.

அந்த ஊளையைக் காதுக்காரர் இருபத்தாறு நாளும் கேட்டிருந்தார். பேரிங் என்று சொன்னார், எந்த பேரிங் என்று சொன்னார், இன்னும் எவ்வளவு நாள் தாங்கும் என்றுகூட மனைவியிடம் சொன்னார். அந்த ஊளைக்கு அடியில் ஓர் இன்ஜின் ஓடிக்கொண்டிருந்தது. கார் வாங்கிய புதிதில் அவரும் அண்ணனும் சேர்ந்து இறக்கி, பிரித்து, கூட்டிய இன்ஜின். அதை அவர் கேட்கவில்லை. மூன்று தெரு தள்ளிக் கேட்கிற காது, வாசலில் கோட்டைவிட்டது.

திரும்பி வந்ததும் நேராகக் கேட்டுக்குப் போய் போர்டைக் கழற்றினார். ஆணி வரவில்லை. பலகையைப் பிடித்து இழுத்ததில் நடுவில் பிளந்தது. மனைவி ஓடிவந்து, "ஐயையோ, நல்லாத்தானே இருந்தது!" என்றாள். பிறகு அவர் முகத்தைப் பார்த்துவிட்டு, பிளந்த துண்டுகளைப் பொறுக்கிக்கொண்டு உள்ளே போனாள்.

"காலைல ஏழு மணிக்குக் கிளம்புவேன். இந்தப் பக்கமாத்தான் போவேன்" என்று சொல்லிவிட்டு அண்ணி வீட்டுக்குப் போனார்.

மறுநாள் ஆறு மணிக்கே காதுக்காரர் கேட்டுக்கு வெளியே, ரோட்டோரத்தில் வந்து நின்றுவிட்டார். குளித்து, சட்டை மாற்றி, தலை வாரி நின்றார். பள்ளத்தில் ஒரு வண்டி காத்துக்கொண்டிருந்தது, போகட்டும். மனைவி டீ கொண்டுவந்து கையில் கொடுத்தாள். அது ஆறி ஏடு கட்டியது.

ஏழு மணிக்குப் பச்சைக் கார் தெருமுனையில் திரும்பியது. கண்ணால் பார்த்துத்தான் தெரிந்துகொண்டார். அண்ணி ஜன்னல் வழியாக அவரைப் பார்த்தார், தலையை ஒருமுறை அசைத்தார். பிறகு, பழக்கம்தான் போலிருக்கிறது, கேட்டு வந்ததும் மிதித்தார். ஈர ரோட்டில் டயர்கள் சர்ரென்று கடந்தன. பக்கத்துச் சீட்டு காலியாக இருந்தது.

அவர் கண்ணை மூடிக்கொண்டு காதைத் தீட்டினார். ஒரு தெரு. இரண்டு தெரு. மூன்றாவது தெருவில் பால் வண்டியின் மணி, யார் வீட்டிலோ குழாய் சொட்டுவது, அதற்கும் அப்பால் ஒரு நாய். எல்லாம் கேட்டது. அந்தக் கார் மட்டும் கேட்கவில்லை. அவ்வளவு ஒழுங்காக வேலை செய்திருந்தார்.